கேள்வி கேட்டது நான்

மட்டக்களப்பு வாவிக்கரையில் உள்ள ஒரு மனநல விடுதியில் நான் இரண்டாவது முறையாகச் சிகிச்சைக்கு இருந்தபோதுதான் அந்த இயக்குநர் வந்தார். காத்தான்குடிப் பெண், என்னைவிட இளையவர். எங்கள் வாழ்க்கையை ஆவணப்படமாக எடுக்கப் போவதாகவும், விரும்பியவர்களை மட்டும், அதுவும் முகத்தை மறைத்தே காட்டுவதாகவும் சொன்னார்.

"என்ட முகத்த மறைக்க வேணாம்," என்றேன்.

பழுகாமத்திலிருந்து என்னைப் பார்க்க வந்த அண்ணனுக்கு அது பிடிக்கவில்லை. "ஊருக்குள்ள நாங்க தலைகாட்ட ஏலாமப் போகும் புள்ள."

"நான் என்ன களவா எடுத்தன்? வருத்தம் வந்திச்சு, மருந்து குடிக்கிறன்."

கொண்டுவந்த சோற்றுப் பார்சலை மேசையில் வைத்துவிட்டு அவர் போய்விட்டார். நான் அழுதேன். ஆனாலும் சொன்னதை மாற்றவில்லை.

படப்பிடிப்போ நகரவே இல்லை. கமராவைக் கண்டதும் எல்லோரும் நிமிர்ந்து உட்கார்ந்து, "நல்லா நித்திரை வருது, நல்லாச் சாப்பிடுறன்," என்றார்கள். இயக்குநர் சோர்ந்துபோனார்.

நான் அவரிடம் சொன்னேன்: "நீங்க கேட்டா டொக்டருக்குச் சொல்ற பதிலத்தான் சொல்லுவாங்க. நான் கேட்டுப் பாக்கவா?"

அவர் தன் கதிரையை விட்டு எழுந்தார். "இருங்க அக்கா."

முதலில் வந்தவர் வாகரை மீனவர். கடலில் மகனைப் பறிகொடுத்தவர். காதுக்குள் என்ன குரல் கேட்கிறது என்றுதான் எல்லோரும் அவரிடம் கேட்டுவந்தார்கள். நான், "இண்டைக்கு ஊட்டுல இருந்தா என்ன கறி ஆக்குவீங்க?" என்று கேட்டேன்.

அவர் என்னை உற்றுப் பார்த்தார். பிறகு பேசத் தொடங்கினார். மீனை எப்படி வெட்டுவது, புளி எவ்வளவு விடுவது, நடுத்துண்டுக்கு மகன் எப்படிச் சண்டை பிடிப்பான் என்றெல்லாம் சொன்னார். சொல்லச் சொல்ல அழுதார். மகனின் குறும்பை நினைத்துச் சிரிக்கவும் செய்தார். கமராவின் பின்னால் இயக்குநர் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார். அன்றிலிருந்து அந்தக் கதிரை எனக்கே ஆனது.

நான் சுகமாகி வீட்டுக்கு வந்து சில மாதங்களில், படத்தை நகர மண்டபம் ஒன்றில் திரையிட்டார்கள். திரை முழுக்க என் முகம் வந்தது. முடிந்ததும் என்னை மேடைக்கு அழைத்தார்கள். கூட்டத்தில் ஒருவர் எழுந்து, "இன்னும் மருந்து குடிக்கிறீங்களா?" என்று கேட்டார்.

"ஓம், ஒவ்வொரு நாளும். நீங்க பிறசருக்குக் குளிசை போடுறதில்லையா?"

கேட்டவர் தலையைச் சொறிந்துகொண்டு, "போடுறன்தான்," என்றார். மண்டபமே சிரித்தது. பிறகு கைதட்டல். வாகரையார் எழுந்து நின்று தட்டினார்.

வாசலில் அண்ணன் நின்றார். வருவார் என்று நான் நினைக்கவே இல்லை. அப்போதுதான் வந்த, அவருக்குத் தெரிந்த ஒருவர் என்னைக் காட்டி, "இது ஆரு?" என்று அவரிடம் கேட்டார்.

அண்ணன் உரத்த குரலில் சொன்னார்: "என்ட தங்கச்சி. படத்தில கேள்வி கேட்டது அவதான்."