அழிக்காமல் விட்ட பாவை

அக்காவைக் குளவி கொட்டியது ஒரு புதன்கிழமை காலை. தேயிலை மலையில் அவளோடு கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தவர்கள் எல்லாரும் ஓடித் தப்பித்துவிட்டார்கள். அக்கா மட்டும் தண்ணீர் வடிய வெட்டிய கானில் கால் தடுக்கி விழுந்துவிட்டாள். டவுன் ஆஸ்பத்திரியில் சில நாள் வைத்திருந்தார்கள். முகத்து வீக்கம் வடிந்ததும், இனி ஒன்றுமில்லை, வீட்டுக்குக் கூட்டிப் போகலாம் என்றார்கள். உடம்பைப் பொறுத்தவரை அது உண்மைதான்.

ஆனால் வந்தவள் எங்கள் அக்கா இல்லை. நாங்கள் குடியிருக்கும் லயத்துக்குப் பின்னால் ஆட்டோ போனால் இரண்டு கையாலும் தலையைப் பொத்திக்கொள்வாள். மேசையில் கிடக்கும் என் போன் அதிர்ந்தால் போதும், சோற்றுத் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்துவிடுவாள். மருண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்பார்கள். அவளுக்கு இரைகிறதெல்லாம் குளவி. காலில் ஏறிய அட்டையைப் பிய்த்து எறிந்துவிட்டு, விட்ட இடத்திலிருந்து பாட்டைத் தொடர்கிறவள் அவள். அவளை அப்படிப் பார்க்க எனக்கு அழுகையும் வந்தது, கோபமும் வந்தது.

காலையில் வேலைக்குப் பேர் கொடுக்கும் பெரட்டு நேரமானால் எழுந்து, செடி கிழிக்காமலிருக்க இடுப்பில் படங்குச் சாக்கைச் சுற்றிக் கட்டிக்கொள்வாள். கொழுந்துப் பையை எடுத்துத் தலையில் மாட்டுவாள். வாசல்வரை போவாள். அங்கே நின்று, எதிரே தெரியும் மலையைப் பார்ப்பாள். பிறகு திரும்பி வந்து படங்கை அவிழ்ப்பாள். ஒன்றரை மாதம் தினமும் இதுதான். ஒரு நாளாவது கட்டாமல் இருந்தாளா என்றால், அதுவும் இல்லை.

நான் தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் சித்திரம் சொல்லிக் கொடுக்கிறவள். படித்தவள் என்ற திமிர் எனக்கு உண்டு, மறைப்பதற்கில்லை. "மனசத் தைரியமா வச்சுக்கக்கா" என்று நான் சொன்னதைத் தவிர வேறு உருப்படியாக எதுவும் செய்ததாக ஞாபகமில்லை. டாக்டர் தூங்குவதற்கு மாத்திரை கொடுத்தார். தூங்கினாள். விழித்தால் மறுபடியும் அதே வாசல்.

கடைசியில் அக்காவின் கணவர், நான் மாமா என்று கூப்பிடுகிறவர், கோடாங்கியை அழைத்து வந்தார். உடுக்கடித்துக் குறி சொல்லும் அந்த மனிதர் பகலில் எங்கள் தேயிலைத் தொழிற்சாலையில் கொழுந்து வாட்டும் வேலை செய்பவர். அக்காவை நெடுநேரம் பார்த்துவிட்டு, "கொட்டுனது போயிருச்சு. பயந்தான் உள்ள ஒக்காந்திருக்கு. கழிப்புக் கழிச்சு எறக்கணும்" என்றார். நான் சிரித்துவிட்டேன்.

"நீ சிரிப்பம்மா. தெனம் வாசல்ல நிக்கிறத பாக்குறவன் நான்" என்றார் மாமா.

வெள்ளிக்கிழமை சாயந்திரம், வெளிச்சம் இருக்கும்போதே, லயத்தில் எங்கள் வீடான காம்பராவுக்கு முன்னால் சாணி மெழுகி வைத்தார்கள். கோடாங்கி பாவை எழுத உட்கார்ந்தார். வெள்ளைக்கு அரிசி மா, மஞ்சளுக்கு மஞ்சள், சிவப்புக்குக் குங்குமம், கறுப்புக்கு அடுப்புக்கரி, பச்சைக்குக் காயவைத்து இடித்த இலை. கட்டைவிரலுக்கும் ஆட்காட்டி விரலுக்கும் இடையில் பொடியை ஒழுகவிட்டே ஒரு பெண்ணை எழுதினார். கண், தொங்கும் நாக்கு, உடம்பைச் சுற்றிக் கறுப்பும் மஞ்சளுமாக நூறு குளவிகள். ஒரு கோடு நடுங்கவில்லை. சித்திரம் சொல்லிக் கொடுக்கிற எனக்கு அப்படி ஒரு கோடு வராது. எல்லாவற்றையும் சுற்றி ஒரு வேலி இழுத்துவிட்டு, கிழக்குப் பக்கம் மட்டும் ஒரு முழம் திறந்து விட்டார்.

"ஏன்ணே அங்க மூடல?"

"வந்தது போறதுக்கு வழி வேணும்ல டீச்சர்?"

எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. சில நாட்களுக்கு முன்புதான் பிள்ளைகளுக்குக் காட்ட இணையத்தில் தேடியபோது நவஹோ மக்களைப் பற்றிப் படித்திருந்தேன். அமெரிக்காவின் பழங்குடிகள். அவர்களில் ஒருவருக்கு நோய் வந்தால் வைத்தியர் பாடிக்கொண்டே, நிறநிறமான மணலால் தரையில் தெய்வங்களின் உருவங்களை எழுதுவாராம். கிழக்குக்கு வெள்ளை, தெற்குக்கு நீலம், மேற்குக்கு மஞ்சள், வடக்குக்குக் கறுப்பு. ஓவியத்தைச் சுற்றிக் காவலுக்கு ஒரு கோடு, அதிலும் கிழக்குப் பக்கம் திறப்பு. நோயாளியை ஓவியத்தின் மேலேயே உட்கார வைப்பார்களாம். நோய் மணலுக்கு இறங்கும், தெய்வத்தின் பலம் உடம்புக்கு ஏறும், குலைந்துபோன வாழ்க்கை மறுபடி ஒழுங்குக்கு வரும் என்பது அவர்கள் நம்பிக்கை. எங்கோ பாலைவனத்தில் இருக்கிறவர்களும், இலங்கை மலையில் அக்கரப்பத்தனைக் குளிரில் இருக்கிற எங்கள் கோடாங்கியும் ஒரே பக்கம் வாசல் வைக்கிறார்களே என்று எனக்குத் தாங்கமுடியாத வியப்பு.

அந்த வியப்பில்தான் போனை எடுத்தேன். அக்கா உட்காருவதற்கு முன்னால், எல்லாரும் கண்ணை மூடிக் கும்பிட்ட நேரத்தில், ஒரே ஒரு படம். எடுக்காதே என்று யாரும் சொல்லவில்லை. சொல்லவேண்டும் என்றுகூட அவர்களுக்குத் தோன்றியிருக்காது.

அக்கா பாவையின் நெஞ்சில் கிழக்கே பார்த்து உட்கார்ந்தாள். உடுக்கு ஏறியது. முதலில் அவள் தலையைப் பொத்திக்கொண்டு அலறினாள். பிறகு தேம்பினாள். "அழி தாயி, ஓங் கையால அழி" என்றார் கோடாங்கி. அவள் இரண்டு கையாலும் கண்ணை, நாக்கை, குளவிகளை வழித்து வழித்து அழித்தாள். முழங்கைவரை நிறமாகிவிட்டது. ஐந்து நிறமும் கலந்து சாம்பலாய்ப் போன பொடியை முறத்தில் வாரி, மாமா திரும்பிப் பார்க்காமல் நடந்து ஆற்றில் விட்டுவந்தார்.

திங்கட்கிழமை அக்கா படங்கைக் கட்டினாள், வாசலைத் தாண்டினாள், போயேவிட்டாள். மாமா அடுப்படியில் உட்கார்ந்து அழுதார். நானும் அழுதேன், சந்தோஷத்தில்.

அந்தச் சந்தோஷத்தோடு நிறுத்தியிருக்கலாம். அன்று மாலையே படத்தை பேஸ்புக்கில் போட்டு, நவஹோ மக்களைப் பற்றி நாலு பத்தி எழுதினேன். பாராட்டு குவிந்தது. நோர்வூட்டில் கட்டிக்கொடுத்த சித்தி மகள் அதைச் சொந்தக்காரர்களின் வாட்ஸ்அப்புக்கெல்லாம் அனுப்பினாள். எனக்குத் தலைகால் புரியவில்லை.

படம் போட்ட ஒன்பதாம் நாள் பகலில் அக்கா வெறும் பையோடு மலையிலிருந்து இறங்கி வந்தாள். பள்ளி விடுமுறை, நான் வீட்டில்தான் இருந்தேன். அவள் கையில் யாரோ ஒருத்தியின் போன் இருந்தது. சாப்பாட்டு நேரத்தில், "ஒங்க தங்கச்சி எவ்வளவு அழகா போட்டிருக்கு பாருங்க" என்று காட்டியிருக்கிறார்கள்.

"இது என்னாடி?"

"போட்டோக்கா. சும்மா..."

"எங் கையால அழிச்சேன். ஆத்துல விட்டாச்சு. இங்க கண்ணும் நாக்குமா முழுசா நிக்கிது."

வெறும் படம், அதில் ஒன்றுமில்லை என்று ஆரம்பித்தேன். அவள் கேட்கவில்லை. போனைக் கண்ணுக்குக் கிட்டே வைத்து, எழுத்துக் கூட்டி, நான் எழுதியிருந்ததை எனக்கே வாசித்தாள். "சடங்கு முடிந்ததும்... ஓவியத்தை அழித்துவிடுவார்கள். அதை யாரும்... வைத்திருக்கக் கூடாது." நிமிர்ந்து பார்த்தாள். "இத எழுதுனது நீதான?"

"ஆமாக்கா."

"தெரிஞ்சுதான் வச்சிருந்தியா?"

எழுதினவன் ஏட்டைக் கெடுத்தான், படித்தவன் பாட்டைக் கெடுத்தான் என்று சும்மா சொல்லவில்லை. ஏட்டையும் பாட்டையும் நான் ஒருத்தியே கெடுத்துவிட்டேன். உலகத்தின் மறுகோடியில் இருப்பவர்களின் விதியை மரியாதையோடு எழுதத் தெரிந்த எனக்கு, என் வீட்டு வாசலில் அதே விதி இருப்பது தெரியவில்லை. அவர்களுடையது கலாசாரம், எங்களுடையது மூடநம்பிக்கை என்று மனதுக்குள் பிரித்து வைத்திருந்தேன். வெட்கமாக இருக்கிறது.

மறுநாளிலிருந்து மறுபடியும் படங்கு, வாசல், அவிழ்ப்பு. படத்தை நான் உடனே அழித்தேன். சித்தி மகளும் அழித்தாள். ஆனால் அவள் அனுப்பியவர்கள் யார் யாருக்கு அனுப்பினார்களோ. நானுஓயாவில் யாரோ அதற்கு அம்மன் பாட்டுச் சேர்த்து வீடியோவாகவே போட்டிருந்தார். கெஞ்சி எழுதினேன், பதில் இல்லை.

கோடாங்கி என்னைத் திட்டவில்லை. "இன்னொரு தரம் கழிக்கலாம். ஆனா வெளிய ஒன்னு நின்னுச்சுன்னா உள்ள இருக்கிறது எறங்காது" என்று மட்டும் சொன்னார். எல்லாரும் என்னைப் பார்த்தார்கள்.

"எல்லாத்தையும் அழிச்சிட்டியாடி?" என்று கேட்டாள் அக்கா.

"அழிச்சிட்டேன்க்கா." நானுஓயா வீடியோ அப்போதும் அப்படியேதான் நின்றது.

மறுபடியும் பாவை எழுதிக் கழித்தார்கள், இந்தத் தடவை முறத்தை என்னிடம் கொடுத்தார்கள். ஆறு வரைக்கும் கழுத்து வலிக்க நேரே பார்த்துக்கொண்டு நடந்தேன். நம்பாதவள் ஏன் திரும்பிப் பார்க்கப் பயப்பட வேண்டும் என்று என்னையே கேட்டுக்கொண்டேன். திரும்பவில்லை.

அக்கா மலைக்குப் போக ஆரம்பித்து இரண்டு மாதமாகிறது. பாட்டுக்கூட வருகிறது. நேற்று ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் வீட்டில் எல்லாரும் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது மேசையில் என் போன் அதிர்ந்தது. அக்கா தலையை நிமிர்த்தாமல் சோற்றைப் பிசைந்துகொண்டிருந்தாள். தட்டைத் தள்ளிவிட்டு எழுந்தது நான்தான்.

"என்னாடி, குளவியா?" என்று அக்கா சிரித்தாள்.

நானும் சிரித்தேன். போனைத் தொடக் கை வரவில்லை.