தூக்கக் கூடாத கை

என் கணவர் பக்கவாதத்தில் விழுந்து இரண்டு வருடம் ஆகியிருந்தது. தினமும் காலையில் அவரைக் கட்டிலிலிருந்து தூக்கி நாற்காலியில் உட்காரவைப்பேன். பழகிப்போன வேலைதான். அன்று அவர் கால் தரையில் வழுக்கியது. அவர் விழாமலிருக்க வலது கையால் இழுத்துப் பிடித்தேன். தோளுக்குள் பழைய துணி கிழிவதுபோல ஏதோ விட்டுப்போனது. அவரை உட்காரவைத்த பிறகுதான் கையைத் தூக்க முடியவில்லை என்று தெரிந்தது.

"வலிக்குதா?" என்றார். அவர் பேச்சு குழறும். அந்த வார்த்தை மட்டும் தெளிவாக வந்தது.

"இல்லைங்க" என்றேன்.

காரைக்குடியில் ஸ்கேன் எடுத்தார்கள். தசைநார் பாதி கிழிந்திருக்கிறது, ஆபரேஷன் வேண்டாம், ஆறு வாரம் கையைக் கழுத்தோடு பட்டையில் மாட்டியிருக்க வேண்டும், ஒரு வாளித் தண்ணீர்கூடத் தூக்கக் கூடாது என்றார் டாக்டர். அரியக்குடியிலிருந்து நாத்தனார் வந்துவிட்டாள்.

"நீங்க இங்குட்டு உட்காருங்க அண்ணி, கிட்ட வராதீக."

அவளே அண்ணனைத் தூக்கினாள், துடைத்தாள், ஊட்டினாள். எந்தப் பக்கம் பிடித்தால் அவருக்கு வலிக்காது என்று நான் சொல்லிக்கொண்டிருந்தேன்.

மூன்றாவது வாரம் நெஞ்சில் சளி கட்டி, இரண்டு நாள் காய்ச்சலில் அவர் இறந்துபோனார்.

துக்கத்துக்கு வந்த பெண்கள் என்னைக் கட்டிப்பிடிக்க வந்தபோதெல்லாம் நாத்தனார் "கை, கை" என்று தடுத்தாள். உடனே எல்லோரும் கையைப் பற்றிக் கேட்டார்கள். ஸ்கேனில் என்ன இருந்தது என்று ஒவ்வொருவருக்கும் சொன்னேன். அழுகை வரவில்லை. வலியில் அப்படி இருக்கிறாள் என்று யாரோ சொன்னது காதில் விழுந்தது. வலி அவ்வளவாக இல்லை.

பட்டையைக் கழற்றிய பிறகு எங்கள் ஊர் பள்ளத்தூரிலிருந்து வாரம் இரண்டு நாள் காரைக்குடிக்குப் பிசியோதெரபிக்குப் போனேன். சுவரில் விரல்களை நடக்கவிட்டுக் கையை மேலே ஏற்ற வேண்டும். எட்டிய இடத்தில் அங்கிருந்த பெண் பென்சிலால் கோடு போடுவாள். முதல் நாளே கேட்டாள்: "வீட்டுல கனமா எதுவும் தூக்குவீகளாம்மா?"

"ஆமா" என்றேன். பிறகு, "இல்ல, இப்ப இல்ல" என்றேன். அவள் அட்டையில் எழுதிக்கொண்டாள்.

நான்காம் மாதம் கோடு என் தலைக்கு மேலே போய்விட்டது. "இனிமே வர வேணாம்மா, நல்லாயிருச்சு" என்று சிரித்தாள். நானும் சிரித்தேன்.

திரும்பும்போது பஸ்ஸில் உட்கார இடமில்லை. மேல்கம்பியை அந்தக் கையாலேயே பிடித்துக்கொண்டு நின்றேன். "பள்ளத்தூர் இறங்குறவுக வாங்க" என்று கண்டக்டர் குரல் கொடுத்ததும் இறங்கினேன்.