வெள்ளிக்கிழமை நகம் வெட்டாத ஊரில்

மற்ற தொழிலில் எல்லாம் வாடிக்கையாளர் கையைப் பிடித்தால் வம்பு. என் தொழிலில் கையைப் பிடித்தால்தான் பிழைப்பு.

வீட்டு முன்னறையில் போர்டு மாட்டிவிட்டு, கேட் சத்தம் கேட்கிறதா என்று காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கும் சக பாவிகளே, உங்களுக்கு நான் அதிகம் விளக்க வேண்டியதில்லை. மஸ்கட்டில் ஒரு பார்லரில் பதினான்கு வருஷம் நகம் பார்த்தேன். நாற்பத்தெட்டு வயதில் திருத்தணிக்குத் திரும்பி, அண்ணன் வீட்டு முன்னறையில் டிப் பவுடர் போட ஆரம்பித்தேன். வேலை சுலபம். நகத்தில் பசை தடவி, நிறப்பொடி டப்பாவில் விரலை முக்கி எடுத்து, அதை இறுக்குகிற தண்ணி ஒன்றைத் தடவி, அரத்தால் தேய்த்துப் பளபளப்பு ஏற்றினால் மூன்று வாரத்துக்குக் கல் மாதிரி நிற்கும். வேலைதான் சுலபம். ஊர்? மொட்டை அடித்து முடியைக் கொடுத்துவிட்டுப் போகிற ஊரில், ஒருத்தி விரல் நுனியில் புதிதாக எதையோ ஏற்றி அனுப்புகிறாள் என்றால் சும்மா விடுவார்களா?

அண்ணன் லாரியோடு வாரத்தில் நாலு நாள் வெளியூர். வீடு அண்ணி ராஜேஸ்வரியின் ஆட்சி. பள்ளிக்கூடத்தில் என்னோடு படித்தவள். வயதில் என்னைவிட ஆறு மாசம் சின்னவள், முறையில் பெரியவள். ஆனி பிறந்த கையோடு நான் கடை போட்டபோது மூன்று சட்டம் போட்டாள். செவ்வாய், வெள்ளி, கிருத்திகை, அமாவாசை நாளில் நகத்தில் அரம் படக்கூடாது. மற்ற நாளிலும் நகத்தூள் வீட்டுக்குள் விழக்கூடாது, தரித்திரம். ஆகவே பசையும் பொடியும் உள்ளே, அரம் போடுவது கேட்டுக்கு வெளியே பிளாஸ்டிக் நாற்காலியில், தெருவே பார்க்க. மூன்றாவதுதான் முக்கியம்.

"பூக்காவடி கட்டுறவன் இந்த ரூமக் கேட்டுகினே இருக்கான். ஆடிக் கிருத்திகை வரைக்கும்தான் உனுக்கு டைம். நம்ம தெருப் பொம்பள ஒருத்தியாவது உங்கிட்ட ரெண்டாவது தபா வரட்டும், ரூம் உனுது. மொத தபா வர்றது வேடிக்க பாக்க. ரெண்டாவது தபா வந்தாதான் அது வியாபாரம்."

ரூம் போனால் எனக்கு மறுபடி பெட்டி கட்டுவதைத் தவிர வேறு வழியில்லை. எனக்கும் தெரியும், அவளுக்கும் தெரியும்.

முதல் கை

போணி அண்ணி கைதான். அண்ணிக்கு நகம் என்று சொல்லிக்கொள்ள எதுவும் கிடையாது. சீரியல் பார்த்துக்கொண்டே கடித்துவிடுவாள். வில்லி உள்ளே வந்தால் சுண்டுவிரல், கதாநாயகி அழுதால் மோதிரவிரல், 'தொடரும்' போடும்போது கட்டைவிரல். ஓனர் அம்மாவே பரீட்சை வைக்கிறாள் என்ற பதற்றத்தில் பசையைக் கொஞ்சம் தாராளமாக ஊற்றிவிட்டேன். கட்டைவிரல் அடிப்பக்கம் வரை வழிந்து, கண்ணாடிப் பேப்பர் ஒட்டினது போலக் காய்ந்துவிட்டது. இரண்டு பேருமே கவனிக்கவில்லை. நகங்கள் மட்டும் மாதுளை முத்து மாதிரி ஜொலித்தன.

மறுநாள் ரேஷன் கடை. மெஷினில் கட்டைவிரலை வைக்கிறாள், எடுக்கவில்லை. முந்தானையில் துடைத்து வைக்கிறாள், எடுக்கவில்லை. பின்னால் வரிசை முனகுகிறது. வெறும் பையோடு திரும்பிவந்து, அதை என் மேஜையில் வைத்துவிட்டு, "கழட்டிடட்டுமா அண்ணி?" என்று நான் கேட்டு முடிப்பதற்குள் உள்ளே போய்விட்டாள். விரலில் ஒட்டியது நாலு நாளில் தானாக உரிந்தது. நகத்தில் இருந்தது அசையவில்லை. சாயந்திரம் சீரியல் நேரத்தில் உள்ளே 'டக்' என்று ஒரு சத்தம் கேட்கும். பல்லும் நகமும் மோதுகிற சத்தம். ரேஷன் கடைக்காரர் என்ன சொன்னார் என்பதை எதிர்வீட்டு பத்மாக்காதான் வரிசையில் நின்று கேட்டு வந்து சொன்னார்:

"இன்னாம்மா, விரல் மட்டும் வந்துகீது, ரேகைய வூட்லயே வுட்டுட்டு வந்துட்டியா?"

ஒன்பது டப்பா

ஐந்தாவது வரை தமிழிலும் அப்புறம் தெலுங்கிலும் படித்தவள் நான். அந்தத் திமிரில், ஆந்திராவிலிருந்து மலைக்கு வருகிற கூட்டத்தையும் பிடிக்கலாம் என்று போர்டில் தெலுங்கும் போடச் சொன்னேன். நகங்களுக்குத் தெலுங்கில் 'கோள்ளு'. போர்டு எழுதியவருக்குத் தெலுங்கு எழுத்து வராது, தமிழ் எழுத்திலேயே எழுதினார். ஓரத்தில் இடமும் போதவில்லை. 'நகம் – கோள்' என்று முடித்து, கீழே ஒரு பூவும் வரைந்துவிட்டுப் போனார்.

மூன்றாம் நாள், மணவூரிலிருந்து ஒரு பெரியவர் வந்தார். செருப்பைக் கேட்டுக்கு வெளியே விட்டார். மஞ்சள் பையிலிருந்து, நாலு மூலையிலும் மஞ்சள் தடவிய ஜாதகத்தை எடுத்து என் முன்னால் வைத்தார். "பொண்ணுக்கு இருபத்தேழு ஆவுது, எதுவும் கூடி வர்ல. கோள் எப்டி இருக்குதுன்னு பாருமா." நான் போர்டின் கதையைச் சொன்னேன். தெலுங்கைச் சொன்னேன். நகத்தைக் காட்டினேன். அவர் எல்லாவற்றையும் மரியாதையாகக் கேட்டுக்கொண்டார். ஆனால் கண் என் மேஜை மேல். வெள்ளை, சிவப்பு, மஞ்சள், பச்சை, கறுப்பு என்று ஒன்பது டப்பா வரிசையாக இருந்தது. மேஜைக்கு அந்த அளவுதான் இடம். எழுந்து அவற்றைப் பார்த்துக் கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

"செரி, அத்த வுடுமா. அவ்ளோ தூரத்துலேர்ந்து வந்ததுக்கு அந்தக் கறுப்பு டப்பா இன்னா சொல்லுதுன்னு மட்டும் பாரு. அதானே சனி?"

மூன்று விரல்

நம் தெருவிலிருந்து எனக்கிருந்த பெரிய நம்பிக்கை பத்மாக்கா. மகன் கல்யாண ரிசப்ஷனுக்காக வந்தார். வெளிர் ரோஸ் போதும், பார்த்தால் போட்டதே தெரியக்கூடாது என்றார். நடு மூன்று விரலுக்குப் பசை தடவினேன். டப்பாவைத் திறந்து அவர் முன்னால் வைத்துவிட்டு, பிரஷ் எடுக்க ஒரே ஒரு நொடி திரும்பினேன்.

ஒரு நொடி போதாதா? எங்கள் ஊரில் பொடி டப்பாவைத் திறந்து முன்னால் வைத்தால் கை சும்மா இருக்காது. மூன்று விரலையும் முக்கி, "முருகா" என்று நெற்றியில் இடமிருந்து வலமாக ஒரே இழுப்பு. விரல் நுனி வரை வழிந்திருந்த பசை அப்புறம்தான் தன் வேலையைக் காட்டியது; மூன்று விரலும் நெற்றியோடு ஒட்டிக்கொண்டன. தேங்காய் எண்ணெய், வெந்நீர், மறுபடி தேங்காய் எண்ணெய். விரல் தப்பித்தது, நெற்றியில் ரோஸ் நிறத்தில் மூன்று கோடு நாலு நாள் நின்றது. ரிசப்ஷன் போட்டோ எல்லாவற்றிலும் இருக்கிறது. கல்யாணம் முடிந்து பொண்ணு மாப்பிள்ளையோடு மலைக்குப் போனபோது குருக்களே நின்று பார்த்துக் கேட்டாராம். பத்மாக்கா ரோட்டின் அந்தப் பக்கம் நின்றபடியே எனக்கு அதைச் சொன்னார். இந்தப் பக்கம் வரவில்லை.

"இது எந்த ஊர் விபூதிம்மா? இந்த வேர்வைக்கும் அசையாம நிக்கறதே!"

இழை மாட்டுது

அம்மையார்குப்பத்திலிருந்து தேவகி வந்தாள். தறி நெய்கிறவள். தங்கை கல்யாணத்துக்கு நகம் போட ஆசை. ஆனால் மறுநாளே தறியில் உட்கார வேண்டும், நூலில் நகம் மாட்டினால் சேலை போச்சு. "மாட்டாதுமா" என்றேன். துளியும் நம்பாமல் என்னைப் பார்த்தாள். மஸ்கட்டில் பதினான்கு வருஷத்தில் யாரும் என்னை அப்படிப் பார்த்ததில்லை. கைப்பையிலிருந்து ஒரு பட்டு இழையை உருவி, முடித்த நகம் ஒவ்வொன்றின் மேலும் மெதுவாக இழுத்தாள். இடது மோதிரவிரலில் நின்றது. "மாட்டுது." கேட்டுக்கு வெளியே போய்த் தேய்த்தேன். "மாட்டுது." மறுபடி தேய்த்தேன். நாலு முறை. ஐந்தாம் முறை இழை வழுக்கிக்கொண்டு போனது. நான் கற்றுக்கொண்டதாக நினைத்த தொழிலை அன்றுதான் கற்றுக்கொண்டேன். இப்போது என் டிராயரிலும் ஒரு பட்டு இழை இருக்கிறது.

மூன்று வாரம் கழித்து, கிருத்திகைக்கு நாலு நாள் முன்னால், தேவகி மறுபடி வந்தாள். இரண்டாவது தடவை! அவளை உட்காரவைத்துவிட்டுச் சமையற்கட்டுக்கு ஓடினேன். அண்ணி புளி கொட்டை எடுத்துக்கொண்டிருந்தாள். தலையை நிமிர்த்தவே இல்லை.

"அம்மையார்குப்பம் எப்பலேர்ந்து நம்ம தெருவுல சேந்துச்சி? மேப்பக் கொண்டா, பாக்கலாம்."

பரணி

கிருத்திகைக்கு முந்தின நாள் பரணி. அது வெள்ளிக்கிழமையில் வந்து விழுந்தது. தெரு முழுக்கக் காவடி, அரோகரா. நான் டப்பாக்களைப் பேப்பரில் சுற்றி அட்டைப்பெட்டியில் அடுக்கிக்கொண்டிருந்தேன். ஐந்து சுற்றியாகிவிட்டது. பூக்காவடி கட்டுகிற பையன் டேப்போடு வந்து கேட்டுக்கு வெளியே நின்றான்.

அண்ணி வந்தாள். நாற்காலியில் உட்கார்ந்தாள். இரண்டு கையையும் மேஜை மேல் வைத்தாள்.

நான் போட்ட மாதுளை நிறம் நகத்தில் பாதி தூரம் மேலே ஏறியிருந்தது. அதன் கீழே அவளுடைய சொந்த நகம், ரோஸாக, முழுசாக, பத்து விரலிலும். எட்டாங்கிளாஸில் ஒரே பெஞ்சில் உட்கார்ந்த நாளிலிருந்து அவள் விரலில் நான் நகத்தைப் பார்த்ததே இல்லை.

"கடிக்க முடியல" என்றாள், புகார் சொல்கிற குரலில். "பல்லுதான் வலிக்குது. வளந்துடுச்சி. புளி கொட்ட எடுக்கறதுக்கு எவ்ளோ சௌரியமா இருக்குது தெரியுமா?"

"அண்ணி, இன்னிக்கு வெள்ளிக்கிழமை."

"தெரியும்."

"பரணி வேற."

"தெரியும்ன்றேன்ல? வெட்டினாத்தான் தோஷம். நீ அராவத்தானே போற?"

அரத்தை எடுத்துக்கொண்டு வெளி நாற்காலிக்குப் போக எழுந்தேன். கையைப் பிடித்து உட்காரவைத்தாள். "ரோடு ஃபுல்லா காவடி. இங்கியே தேய். தூளு விழுந்தா பெருக்கிக்கினா போச்சு."

"நம்ம தெருப் பொம்பள வரணும்னு..."

"பின்ன நான் இன்னா, அம்மையார்குப்பமா?"

கேட்டுக்கு வெளியே இருந்து பையன் குரல் கொடுத்தான்: "அக்கா, ரூம் அளவு எடுத்துக்கட்டா?" அண்ணி திரும்பக்கூட இல்லை. "வேற எடம் பாரு நைனா. இங்க வியாபாரம் நடந்துகினு இருக்குது."

நான் பேப்பரைப் பிரித்து டப்பாக்களை மறுபடி வரிசையாக வைத்தேன். பழைய பூச்சை ஊறவைத்துக் கழற்றி, பசை பாட்டிலைத் திறந்தேன். அவள் கட்டைவிரலை மட்டும் பின்னால் இழுத்துக்கொண்டாள்.

"இதுல பசையப் பாத்து ஊத்து. மாசக் கடசிக்குள்ள தொவரம்பருப்பு வாங்கியாவணும்."

மலைக்கு மேலே ஊரே முடியைக் கொடுத்து வேண்டுதலை முடித்துக்கொள்கிறது; மலைக்குக் கீழே நான், ஒருத்தியின் பல் தோற்றுப்போனதால் பிழைத்துக்கொண்டேன்.