பெயர் தெரியாதவருக்கு ஓர் இலை

மலாயாவுக்குச் சுதந்திரம் கிடைத்த ஆண்டு, தை பிறப்பதற்கு முதல் நாள். மலாக்கா காஜா பெராங்கில், செட்டி மக்கள் குடியிருப்பை ஒட்டிய வாடகை வீட்டில் நானும் அம்மாவும் இருந்தோம். யுத்தத்தின்போது அப்பாவை ஜப்பான்காரன் சயாமில் ரயில் பாதை போட இழுத்துக்கொண்டு போனதுதான், அவர் திரும்பவில்லை. இருக்கிறாரா இல்லையா என்று சொல்லவும் ஆளில்லை. அம்மா அவரைப் பற்றிப் பேசவே மாட்டார். பொட்டையும் அழிக்கவில்லை.

எனக்குத் தமிழ்ப்பள்ளி ஆசிரியர் பயிற்சிக்கான தேர்வு நெருங்கிக்கொண்டிருந்தது. தேறாவிட்டால் அம்மாவைப் போல நானும் ரப்பர் ஆலைக்குப் போகவேண்டியதுதான். மற்றதெல்லாம் வந்தது. சமன்பாட்டுக் கணக்கு மட்டும் என்னைப் படாதபாடு படுத்தியது. தாயின் வயது மகனின் வயதைப் போல் மூன்று மடங்கு. பன்னிரண்டு ஆண்டு கழித்து இரண்டு மடங்கு. மகனின் வயது என்ன? அது தெரியாமல்தானே விழித்துக்கொண்டிருக்கிறேன், எதை எழுதித் தொடங்குவது? ஐந்து, ஆறு, ஏழு என்று ஒவ்வொரு வயதாகப் போட்டுப் பார்ப்பேன். விடை வருவதற்குள் தேர்வே முடிந்துவிடும்.

அன்று போகி. பக்கத்து வீட்டுச் செட்டிப் பெண் கூப்பிட்டாள். என் வயதுதான். பல தலைமுறைக்கு முன் மலாக்காவில் குடியேறிய தமிழர் வழி என்றாலும் தமிழ் வராது, மலாய்தான் பேசுவாள். ஆனால் நெற்றி நிறையத் திருநீறு இருக்கும். போகியன்று அவர்கள் முன்னோருக்குப் படையல் போடுவார்கள். இருவரும் வாழையிலை விரித்தோம். இது தாத்தாவுக்கு, இது அவர் தம்பிக்கு என்று சொல்லிக்கொண்டே வந்தவள், கடைசி இலையில் மட்டும் பேசாமல் சோற்றை வைத்தாள். யாருக்கு என்று கேட்டேன்.

"தா தாவு" என்றாள். தெரியாதாம். பெயர் மறந்துபோனவர்கள் எத்தனையோ பேர் இருப்பார்கள், இலை போட்டால்தானே வந்து உட்காருவார்கள் என்று மலாயில் சொல்லிவிட்டு மீன் எடுக்கப் போய்விட்டாள்.

படையலுக்கு முன்னால் நின்று கணக்கை நினைத்த பாவி நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன். வீட்டுக்கு ஓடி வந்து, தெரியாத அந்த மகனின் வயதுக்கு எக்ஸ் என்று ஓர் இடம் போட்டேன். அப்படியானால் தாய்க்கு மூன்று எக்ஸ். இருவருக்கும் பன்னிரண்டைக் கூட்டி, தாயின் பக்கம் மகனைப் போல் இரண்டு மடங்கு என்று எழுதினேன். மகனுக்குப் பன்னிரண்டு, தாய்க்கு முப்பத்தாறு என்று விடை தானாக வந்து நின்றது. சத்தமாகச் சிரித்துவிட்டேன்.

வேலை முடிந்து வந்த அம்மா என்னவென்று கேட்டார். அந்த இலையைப் பற்றிச் சொன்னேன்.

"ஒங்கப்பாவுக்கு எல போட்டா செத்துட்டாருன்னு ஆயிடுமோன்னு பயந்துதான் இத்தன வருசமா போடல" என்றார். "தெரியாதவங்களுக்குன்னு போடலாம்ல?"

கொல்லைக்குப் போய் ஓர் இலை அறுத்து வந்தார். அன்றுதான் அம்மா அழுது பார்த்தேன். நானும் அழுதேன்.

தேர்வில் தேறினேன். எத்தனையோ பிள்ளைகளுக்கு அந்த வயதுக் கணக்கைச் சொல்லிக்கொடுத்துவிட்டேன். எங்கள் வீட்டுக் கணக்குக்கு மட்டும் கடைசிவரை விடை வரவில்லை. ஆனாலும், தெரியவில்லை என்பதற்காக ஒருவரைக் கணக்கிலிருந்து விட்டுவிட எனக்கு மனம் வருவதில்லை. ஒவ்வொரு போகிக்கும் அப்பாவுக்கு ஓர் இலை போடுகிறேன், இப்போது அம்மாவின் இலைக்குப் பக்கத்தில்.