டயர் விழுங்கியவற்றோடு படப்பைக்கு

ஞாயிற்றுக்கிழமை காலை ஏழு மணிக்கு இரும்புலியூரிலிருந்து கிளம்பினோம். நான், என் மனைவி கஸ்தூரி, பஜ்ஜிக் கடையில் இருக்குமே அந்த மாதிரி ஒரு கண்ணாடிப் பெட்டி. படப்பை போய்வர லோடு ஆட்டோவுக்கு எழுநூறு ரூபாய் என்றார் டிரைவர் பாபு. பேரம் பேச எனக்கு வராது. கஸ்தூரி பேசி அறுநூறாக்கினாள்.

பெட்டிக்குள் என்ன என்று சொல்லிவிடுகிறேன். ஜி.எஸ்.டி. ரோட்டோரம் எனக்குப் பஞ்சர் கடை. ஐந்தாம் வகுப்போடு இந்தத் தொழிலுக்கு வந்துவிட்டேன். டயரிலிருந்து பிடுங்குகிறவற்றில் விசித்திரமாக இருப்பதை மட்டும் எடுத்து வைப்பேன். ஆணியும் ஸ்குரூவும் எல்லா டயரிலும் வரும், அவற்றைச் சேர்ப்பதில்லை. கெளுத்தி மீனின் முள், ஜியோமெட்ரி பாக்ஸ் காம்பஸ், குடைக்கம்பி, தூண்டில் முள், உடைந்த பீரோ சாவி, ஆடி மாதத்தில் அலகு குத்துகிற சின்ன வேல். பழைய டியூபை வட்டமாக வெட்டி, ஒவ்வொன்றையும் அதன்மேல் சொல்யூஷன் தடவி ஒட்டியிருக்கிறேன். மேலிருந்து கீழே சைக்கிள், பைக், ஆட்டோ, வேன், லாரி என்று ஐந்து அடுக்கு. பேர் எழுதி ஒட்டவில்லை. எது எந்த வண்டியில் வந்தது என்று எனக்குத் தெரியும், அது போதும் என்று இருந்துவிட்டேன்.

படப்பையில் ஸ்டீபன் சார் என்று ஒருவர், பழைய பூட்டுகள் சேர்க்கிறவர். ஒருநாள் ஸ்கூட்டருக்குப் பஞ்சர் போட வந்தவர், அன்றைக்குத் துடைப்பதற்காக நான் கடைக்குக் கொண்டுவந்திருந்த பெட்டியைப் பார்த்துவிட்டு, "எங்க கண்காட்சிக்குக் கொண்டு வாங்க" என்றார். அந்தப் பக்கத்தில் பொருள் சேர்க்கிறவர்கள் வருஷத்துக்கு ஒருமுறை கல்யாண மண்டபம் ஒன்றில் மேஜை போட்டு எல்லாவற்றையும் பரப்புவார்களாம்.

எங்கள் வீட்டில் இருப்பது ஒரே ஷோகேஸ். அதில் கஸ்தூரியின் பீங்கான் கப்புகள். என் பெட்டி கட்டிலுக்கு அடியில் கிடந்து துருவேறிக்கொண்டிருந்தது. கண்காட்சி என்றதும் அவள் ஒரு பந்தயம் கட்டினாள்.

"ஜனங்க நின்னு பாத்தா, என் கப்பையெல்லாம் எடுத்துட்டு ஷோகேஸை உனக்கே தரேன். எவனும் பாக்கலன்னு வெச்சுக்கோ, வர்ற வழியிலயே பழைய இரும்புக் கடையில எடைக்குப் போட்டுரு. ஓகேவா?"

சரி என்றேன். சாட்சிக்கு அவளே கூட வந்தாள்.

பெருங்களத்தூர் தாண்டி, வண்டலூரில் வலது பக்கம் வாலாஜாபாத் ரோட்டில் திரும்பினோம். அவள் முன்னால் டிரைவர் பக்கத்தில். நான் பின்னால், பெட்டியை முழங்காலுக்கு நடுவே இறுக்கிக்கொண்டு. வேகத்தடை வரும்போதெல்லாம் கண்ணாடி கடகடவென்றது. மண்ணிவாக்கத்தில் டீ குடிக்க நிறுத்தினார் பாபு. டீ பன்னிரண்டு ரூபாய், சர்க்கரை அதிகம்.

"இன்னாக்கா, படப்பையில பஜ்ஜி கடை போடப் போறீங்களா?"

"பஜ்ஜி போட்டாலாவது காசு வரும் பாபு. இவரு டயர்ல பொறுக்கினதை நாலு பேருக்குக் காட்டப் போறாரு."

"அண்ணே, நெசமாவா?" என்று அவர் என்னைப் பார்த்தார். நான் டீ டம்ளரைப் பார்த்தேன். கடையிலும் எனக்கு இதே பழக்கம். சக்கரத்தைப் பார்த்துப் பேசுவேன், வண்டிக்காரர் முகத்தைப் பார்க்க மாட்டேன்.

எட்டே காலுக்குப் படப்பை. மார்க்கெட் அப்போதுதான் சூடுபிடித்திருந்தது. மண்டபத்தில் இருபது மேஜைக்கு மேல் இருக்கும். கோலி சோடா பாட்டில்கள், தீப்பெட்டிப் படங்கள், நாணயங்கள். வாசலில் வருகிறவர்களுக்கு ஆளுக்கொரு புளியங்கொட்டை கொடுத்தார்கள். எந்த மேஜை பிடிக்கிறதோ அங்கே இருக்கும் பிளாஸ்டிக் மக்கில் போட வேண்டும். எனக்குக் கடைசி வரிசையில், நாணயக்காரருக்குப் பக்கத்தில் இடம்.

பதினொரு மணி வரை எங்கள் மக்கு காலி. நாணயக்காரர் மக்கில் கொட்டை விழுகிற சத்தம் மட்டும் கேட்டுக்கொண்டே இருந்தது. அவர் கேட்காதவர்களையும் கூப்பிட்டு ஒவ்வொரு நாணயத்தின் கதையையும் சொன்னார். என்னிடம் வந்தவர்கள், "இன்னாது, ஹார்டுவேரா?" என்று பார்த்துவிட்டு நகர்ந்தார்கள். நான் துணியால் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே இருந்தேன்.

"ந்தா, இரும்புக் கடை ஞாயித்துக்கெழம தொறந்துருக்குமா?" என்றாள் கஸ்தூரி. கிண்டல்தான். ஆனால் குரலில் சந்தோஷம் இல்லை.

அப்போது ஓர் அம்மா தன் மகளோடு வந்து நின்றார். "அந்த வேல் எப்படிங்க டயருக்குள்ள போச்சு?" என்றார்.

வேல் தெரிகிற இடத்தில் கண்ணாடியை இன்னும் அழுத்தித் துடைத்தேன். அவர்கள் திரும்பப் போகிற நேரத்தில் கஸ்தூரி நாற்காலியை விட்டு எழுந்தாள்.

"அது தண்ணி லாரிம்மா. லாரி டயர்ல குத்திகினு இருந்துச்சு."

"தண்ணி லாரி இல்ல" என்றேன். என் குரல் எனக்கே சத்தமாகக் கேட்டது. "பால் வேன். நாலாவது அடுக்குல ஒட்டியிருக்கேன், பாரு."

"பேரு எழுதி ஒட்டியிருந்தா எனக்கு இன்னாத்துக்கு இந்தப் பேஜாரு?"

அந்த அம்மா சிரித்தார். என்னால் பேச்சை நிறுத்த முடியவில்லை. ஆடித் திருவிழாவுக்கு மறுநாள் விடியற்காலையில் அந்த வேன் வந்தது. டயரில் வேல் குத்தியிருப்பதைப் பார்த்ததும் டிரைவர் செருப்பைக் கழற்றிவிட்டார். சாமி மேல வண்டிய ஏத்திட்டேனே என்று அழாத குறை. என்னைப் பிடுங்கவே விடவில்லை. கடைசியில் ஜாக்கி மேலேயே கற்பூரம் ஏற்றிக் கும்பிட்ட பிறகுதான் விட்டார். வேலைத் தொட மறுத்து என்னையே வைத்துக்கொள்ளச் சொன்னார். அதுவரை பால் பாக்கெட்டுக்கு ஒரு தெருவே காத்துக்கிடந்தது.

"ஜாக்கிக்குக் கற்பூரமா!" என்று நாணயக்காரரின் கூட்டத்திலிருந்தே இரண்டு பேர் திரும்பினார்கள்.

"இந்த முள்ளு வஞ்சிரம்" என்று கஸ்தூரி அடுத்ததைக் காட்டினாள்.

"கெளுத்தி. வஞ்சிரத்துல ஏது இந்த முள்ளு? நீதான கொழம்பு வெக்கிற?"

"கொழம்பு வெச்சா போதும், சொல்லித் தரவேற வேணுமா உனக்கு?"

கூட்டம் சேர்ந்துவிட்டது. அவள் ஒன்றைத் தப்பாகச் சொல்வாள், நான் திருத்துவேன், அவள் சண்டைக்கு வருவாள். பின்னால் நின்றவர்கள் எட்டிப் பார்த்தார்கள். பீரோ சாவியைக் கூட அவள் தப்பாகச் சொன்னபோது எனக்குச் சந்தேகம் வந்தது. அது எங்கள் வீட்டு ஓனருடைய ஆட்டோவிலிருந்து வந்தது. வாடகை கொடுக்கும்போதெல்லாம் அவள் அவரிடம் அதைச் சொல்லிச் சிரிப்பாள். திரும்பிப் பார்த்தேன். அவள் என் பக்கமே பார்க்காமல், "இந்தக் குடைக்கம்பி வந்து..." என்று ஆரம்பித்துவிட்டிருந்தாள்.

மக்கு நிறைந்ததும் ஸ்டீபன் சார் குளியலறை வாளியைக் கொண்டுவந்து வைத்தார். மத்தியானம் மேஜையையே தூக்கி வாசலுக்குக் கொண்டுபோனார்கள். நாணயக்காரரும் ஒரு பக்கம் பிடித்தார். தூக்கும்போது, "அடுத்த வருஷம் அக்காவை என் மேஜைக்கு அனுப்புங்க சார்" என்றார்.

நாலு மணிக்கு மேடைக்குக் கூப்பிட்டார்கள். அதிகப் புளியங்கொட்டை எங்களுக்கு. எண்ணவே இல்லை, வாளியைத் தூக்கிக் காட்டினார்கள், அவ்வளவுதான். எனக்குச் சால்வை போட்டு மைக்கைக் கையில் கொடுத்தார் ஸ்டீபன் சார். இத்தனை முகங்களை ஒரே நேரத்தில் நான் பார்த்ததே இல்லை. பார்த்தேன்.

"எல்லாரும் டயர்ல காத்து கரெக்டா வெச்சுக்கங்க" என்றேன்.

மண்டபமே கைதட்டியது.

ஐந்து மணிக்குப் படப்பையை விட்டுக் கிளம்பினோம். காலையில் வந்த அதே ரோடுதான். ஆனால் இந்த முறை பின்னால் பெட்டிக்கு அந்தப் பக்கம் கஸ்தூரியும் உட்கார்ந்திருந்தாள். வேகத்தடைக்கு முன்னாலேயே, "பாபு, மெதுவா" என்று கேபினைத் தட்டினாள். என் கடையிலிருந்து பார்த்தால் ரோடு என்பது சக்கரங்கள் போகிற இடம். இந்த ரோட்டில் எத்தனை பேர் எதை எதைத் தவறவிட்டிருப்பார்கள், அதில் எத்தனை இன்னும் எந்த டயரிலும் ஏறாமல் கிடக்கும் என்று யோசித்துக்கொண்டே வந்தேன். இன்னும் பத்து வருஷம் கடை நடத்தலாம் போலிருந்தது.

"கப்பையெல்லாம் பரண்ல ஏத்திரலாம். ஷோகேஸுக்குள்ள ஒரு லைட்டு போட்டா நல்லா இருக்கும்ல?" என்றாள் அவளாகவே.

மண்ணிவாக்கம் வருவதற்கு முன் ஓரமாக ஒருவர் பைக்கைத் தள்ளிக்கொண்டு போனார். பின் சக்கரம் தட்டையாக இருந்தது. கஸ்தூரி கேபினைப் படபடவென்று தட்டினாள்.

"பாபு, ஓரங்கட்டு!"

"இன்னாக்கா? பஞ்சர் கடை பக்கத்துலயே கீதே, அவரு போட்டுக்குவாரு."

"போட்டுக்கட்டும்யா. உள்ள இன்னா கீதுன்னு நம்ம பாக்க வேணாமா?"

நான் இறங்கி, எப்போதும் இடுப்பில் செருகியிருக்கும் ஆணி பிடுங்குகிற குறட்டை எடுத்துக்கொண்டு சக்கரத்தின் பக்கத்தில் உட்கார்ந்தேன். பைக்கைத் தள்ளி வந்தவர் எங்களை மாறி மாறிப் பார்த்தார். சக்கரத்தைச் சுற்றினேன். ரப்பருக்கு நடுவே ஏதோ மஞ்சளாக மின்னியது. என் தோளுக்கு மேலே செல்போன் வெளிச்சம் வந்து விழுந்தது.

"மெதுவா புடுங்கு, மெதுவா" என்று உள்ளங்கையை நீட்டினாள் கஸ்தூரி. "ஒடைச்சிரப் போற."