மாமியாருக்கு நான் மாற்றிச் சொன்ன படம்

என் மாமியாரை நான் ஒரு பொய்யால் பழிவாங்கினேன். சொல்லிவிட்டேன்! நீங்கள் முகத்தைச் சுளித்துக்கொள்ளலாம். ஆனால் முழுவதும் கேட்டுவிட்டுச் சுளியுங்கள்.

யாங்கோனில், தாகேதாவில் எங்கள் வீடு. மாமியாருக்குக் கொரியப் படம் என்றால் உயிர். சந்தையில் பர்மிய மொழியில் சண்டையே போடுவார். எழுத்து மட்டும் தெரியாது. திரையின் அடியில் ஓடும் பர்மிய வரிகளை நான்தான் படித்துத் தமிழில் சொல்ல வேண்டும். மின்சாரம் வந்தால் போதும், "ஜோதி, படத்தப் போடுடி" என்பார்.

அன்று போட்ட படத்தில் ஒரு தாய். காய்ச்சலில் கிடந்த தன் குழந்தையை மருத்துவமனைக்குக் கொண்டுபோகாமல் தாமதித்த வேலைக்காரியைத் தேடிப்பிடித்துக் கொல்கிறாள். மாமியார் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "பாவி! அவளுக்கு நல்லா வேணும்" என்றார்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது! யார் சொல்வது இதை? என் இரண்டு வயது செல்விக்கு அம்மை கண்டபோது, "ஆத்தா வந்திருக்கா, ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டுப் போனா கோவிச்சுக்குவா" என்று வாசலில் வேப்பிலையைச் செருகி வழிமறித்தவர் இவர்தானே? மூச்சுத் திணறிச் செத்தாளே என் பிள்ளை! ஒரு நாளாவது, தப்புச் செய்துவிட்டேன் என்றாரா?

படத்தின் முடிவில் மருத்துவர் அந்தத் தாயிடம், முன்பே கொண்டுவந்திருந்தாலும் குழந்தை பிழைத்திருக்காது என்கிறார். அவள் செய்த கொலைக்கு அர்த்தமே இல்லாமல் போகிறது...

நான் அதைச் சொல்லவில்லை. "முன்னாடியே கொண்டாந்திருந்தா கண்டிப்பா பொழச்சிருக்குமாம் அத்தை" என்றேன். நிதானமாக, அவர் முகத்தைப் பார்த்துச் சொன்னேன்.

மறுநாள் காலை மொகிங்கா மீன் நூடுல்ஸை அவர் தொடவில்லை. அதன்பிறகு படம் போடச் சொல்லவும் இல்லை. நாளுக்கு நாள் இளைத்துக்கொண்டே போகிறார். எனக்கு அது இனித்தது. ஆம், இனித்தது!

செல்வி பிழைத்திருப்பாளா? எனக்குத் தெரியாது... எந்த மருத்துவரிடமும் கொண்டுபோகவில்லையே! எனக்கும் கால்கள் இருந்தன. அந்த வேப்பிலையைத் தாண்டி நான் ஏன் ஓடவில்லை? கேளுங்கள், அதையும் கேளுங்கள்!

இன்னொன்றும் உண்டு. படம் பார்த்த அன்று என் கணவரும் பக்கத்தில்தான் இருந்தார். என்னைவிட வேகமாகப் பர்மிய எழுத்துப் படிப்பவர். பெற்ற தாய் சோறு இறங்காமல் கிடப்பதைப் பார்த்தும் என் பொய்யை அவர் திருத்தவில்லை. ஊரெல்லாம் அவரைத் தங்கமான மனுஷன் என்கிறது!

நேற்று சாப்பாட்டு வேளையில் மாமியார் அவரையே கேட்டுவிட்டார். "நீ சொல்லுடா... நெசமாவே அந்தப் புள்ள பொழச்சிருக்குமா?"

கணவர் என் பக்கம் திரும்பவே இல்லை.

"பொழச்சிருக்கும், அம்மா" என்றார்.

மாமியார் பாதிச் சோற்றில் கையை உதறிவிட்டு எழுந்தார். நான் தட்டை எடுத்துக் கழுவினேன்.