ஊதா வெளிச்சத்தில் பதினோரு வருஷம்

உசிலம்பட்டிக்கு மேற்கே ஒரு வானம் பார்த்த கிராமத்தில் பிறந்த கருத்தக்கண்ணன், மதுரையில் ஒரு கிளப்புக்கடையில் சோறு பரிமாறிக்கொண்டிருந்தான். 1933-ல், இருபத்திரண்டு வயதில், அவன் வலது புறங்கையில் மிளகளவு வெள்ளை விழுந்தது. ஆறு மாதத்தில் கை முழுக்கப் பரவி உதட்டோரத்திலும் ஏறியது. ஒருநாள் வாளியோடு குனிந்தவனைப் பார்த்து, சாப்பிட உட்கார்ந்தவர் இலையை மடித்துவிட்டு எழுந்துபோனார். முதலாளி திட்டவில்லை. "வேற எங்கிட்டாவது பாருப்பா" என்றார், அவன் முகத்தைப் பார்க்காமல்.

வெங்கடரமணன் என்ற டாக்டர் நகரத்தில் சொந்தமாக வைத்தியசாலை நடத்திவந்தார். அவரிடம் சீமையிலிருந்து தருவித்த ஒரு விளக்கு இருந்தது. ஊதா நிறத்தில் எரியும். ஜனங்கள் அதை வெயில் விளக்கு என்றார்கள்.

"இது குஷ்டமில்லை. யாருக்கும் ஒட்டாது" என்றார் டாக்டர். அதை அவனிடம் சொன்ன முதல் ஆள் அவர்தான்.

கார்போகரிசி என்ற விதையிலிருந்து எடுத்த எண்ணெயைத் தடவிக்கொண்டு விளக்கின் கீழே கையை நீட்ட வேண்டும். தோல் சிவக்கும், சிலநாள் கொப்புளிக்கும். ஆறிய இடத்தில் கடுகு கடுகாகக் கறுப்பு திரும்பும். நாலாம் மாதம் அவன் கையில் ஏழு புள்ளிகள் வந்தன. வேலையில்லாமல் அலைந்தவனை டாக்டர் விளக்குக்கு ஆளாகவே வைத்துக்கொண்டார்.

வந்தவர்களுக்குக் கறுப்புக் கண்ணாடி மாட்டிவிடுவான். எண்ணெய் தேய்ப்பதும் அவன் கைதான். எரிச்சலில் நெளிகிறவர்களின் கால்களை வெளிச்சத்துக்குள் பிடித்து நிறுத்துவதும் அவன் கைதான். கூட்டம் குறைந்த பிறகு தன் கையையும் தனியாகக் காட்டிக்கொள்வான். பக்கத்து ஊரான பரவையிலிருந்து செல்லக்கிளியைக் கட்டினான். "கையப் பாத்துட்டுத்தான் சரின்னேன்" என்று அவள் ஒருமுறை சொன்னாள். அதற்குமேல் அதைப் பற்றி அவர்கள் பேசியதில்லை.

பதினோராம் வருஷம், கட்டைவிரலுக்கு மேலே ஒரு பொருக்கு தட்டியது. உரித்தால் ரத்தம் கசியும். மறுபடி பொருக்கு கட்டும். விளிம்பு தடித்துக்கொண்டே போனது. ஒருநாள் டாக்டரின் கண்ணில் பட்டது.

"எம்புட்டு நாளா இருக்கு?"

"சித்திரையிலருந்து இருக்குய்யா. கொப்புளம்னு நெனச்சேன்."

"இப்போ தை மாசம். எண்ணெய் போட்டு வெளிச்சத்துல காட்டினியா?"

"காட்டுனேன். அதுக்குத்தான விளக்கு."

டாக்டர் ஒரு துணுக்குச் சதையை வெட்டிச் சென்னைக்கு அனுப்பினார். பதில் வந்த அன்று கதவைச் சாத்திவிட்டு அவனை உட்காரச் சொன்னார். பதினோரு வருஷத்தில் அவர் முன்னால் அவன் உட்கார்ந்தது அன்றைக்குத்தான்.

"புத்துநோய், கருத்தக்கண்ணா. மணிக்கட்டோட எடுக்கணும்." கொஞ்சம் கழித்து அவரே சொன்னார்: "இந்த வெளிச்சத்துல எலிக்குப் புத்து வருதுன்னு வெள்ளைக்காரன் எழுதியிருந்தான். நான் படிச்சேன். நம்ம ஜனத்துக்கு வராதுன்னு நெனச்சுட்டேன்."

"எப்பப் படிச்சீக?"

"ஏழெட்டு வருஷம் இருக்கும்."

கருத்தக்கண்ணன் தலையை ஆட்டினான். கோபம் வரும் என்று காத்திருந்தான். வரவில்லை. ஜன்னலுக்கு வெளியே ஒரு ஜட்கா போயிற்று. குதிரையின் பின்னங்கால் லேசாக நொண்டுவதைத் தெரு முனைவரை பார்த்துக்கொண்டிருந்தான்.

கையை எடுத்த பிறகு முதல் நாள் செல்லக்கிளி ஊட்டிவிட்டாள். மறுநாள் தட்டை அவன் இடப்பக்கம் நகர்த்தி வைத்தாள். "இந்தக் கையால சாப்புடுங்க. இங்க யாரு இருக்கா." அவன் சாப்பிட்டான்.

டாக்டர் இரண்டு மாதம் விளக்கைப் பூட்டிவைத்தார். ஜனங்கள் வந்துகொண்டே இருந்ததால் நேரத்தைப் பாதியாகக் குறைத்து மறுபடி திறந்தார். கருத்தக்கண்ணனும் திரும்பி வந்தான். இப்போது வாசலில் நின்று பெயர் கூப்பிடும் வேலை.

மலையம்மாள் என்ற ஒருத்தி தன் மகள் தங்கப்பொண்ணைக் கூட்டிவந்தாள். கன்னத்தில் புளியங்கொட்டை அளவு வெள்ளை. ஆவணியில் கல்யாணம். கருத்தக்கண்ணன் வேட்டி மடிப்பிலிருந்து மொட்டைக் கையை எடுத்துக் காட்டினான்.

"இது அந்த விளக்குல வந்தது தாயி. எல்லாருக்கும் வரும்னு இல்ல. எனக்கு வந்துச்சு."

தாய் மகளைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். பெண்தான் கேட்டாள்: "எத்தன வருசத்துல வந்துச்சு?"

"பதினோரு வருசம்."

"எனக்கு அம்புட்டு வேணாம்ணே. ஆவணி வரைக்கும் போதும்."

அவன் உள்ளே போய் டாக்டரிடம், "வெள்ளை மட்டும் தெரியிற மாதிரி மிச்சத்த மூடிரலாமாய்யா?" என்று கேட்டான். டாக்டர் சரியென்று தலையசைத்தார். அன்று சாயங்காலம் செல்லக்கிளி கறுப்புத் துணியை நாலாக மடித்து, கன்னத்து அளவுக்கு நடுவில் ஓட்டை வைத்துத் தைத்துக் கொடுத்தாள். பிறகு காலுக்கு, கைக்கு, கழுத்துக்கு என்று பதினைந்து துணிகள் தைத்தாள். அவன் இடத்தில் எண்ணெய் தேய்க்க வந்த புது ஆளுக்கு ஒரு ஜோடி கையுறையும் தைத்தாள்.

தங்கப்பொண்ணு ஒன்பது தடவை வந்தாள். ஆடிக்குப் பிறகு வரவில்லை. கல்யாணம் நடந்ததா என்று அவன் விசாரிக்கவில்லை.

அடுத்த வருஷம் அவன் வலது அக்குளில் ஒரு கட்டி திரண்டது. டாக்டர் தொட்டுப் பார்த்துவிட்டுக் கையைக் கழுவப் போனார், வெகுநேரம் கழுவினார். 1947 மாசியில் கருத்தக்கண்ணன் இறந்தான். எடுத்துப்போகும்போது டாக்டர் வைகைக் கரைவரை நடந்து வந்தார். செல்லக்கிளி பரவையில் அண்ணன் வீட்டுக்குப் போய்விட்டாள். சந்தையில் அவளுக்கு ஓர் இடம் கிடைத்தது, கத்தரிக்காய் விற்றாள்.